வென்டிலேட்டரில் இருக்கும் அப்பாவுக்கு பிராங்கோஸ்கோபி தேவையா?

திருத்துறைப்பூண்டிப் பக்கத்துக் கிராமம் ஒன்றிலிருந்து வந்த கேள்விக்கான பதில் இது. அறுவடை நேரத்தில் களத்தில் பாய் விரித்துப் படுத்திருந்த தந்தையை இரவில் கட்டுவிரியன் கடித்திருக்கிறது. விடியும்போது இமைகள் இறங்கி, பேச்சுக் குழறி, மூச்சுத் திணறியிருக்கிறது. தஞ்சாவூருக்குக் கொண்டுபோய், விஷமுறிவு மருந்து கொடுத்து, வென்டிலேட்டரில் வைத்திருக்கிறார்கள். ஐந்தாம் நாள் எக்ஸ்ரேயில் இடது நுரையீரல் முழுவதும் வெளுத்துத் தெரிகிறது. சளி அடைத்து நுரையீரல் சுருங்கிவிட்டது என்றும், பிராங்கோஸ்கோபி செய்ய வேண்டும் என்றும் சொல்லி மருத்துவர்கள் கையெழுத்துக் கேட்கிறார்கள். இருக்கிற மூச்சுக்கும் குழாயை விட்டு அடைத்தால் ஆள் தாங்குவாரா என்று சித்தப்பா தயங்குகிறார். சென்னையில் மருத்துவம் படிக்கும் அத்தை மகன், பிசியோதெரபி கொடுத்தாலே சரியாகிவிடும் என்கிறார். இது தேவையா, ஆபத்தா, தேவையென்றால் ஏன் முதல் நாளே செய்யவில்லை என்பவையே கேட்டவரின் கேள்விகள்.

மருத்துவர்கள் கேட்பது நியாயமானது. சித்தப்பாவின் அச்சத்துக்கும் அடிப்படை இருக்கிறது. அத்தை மகன் சொல்வதும் ஆய்வில் நிலைபெற்ற கருத்துதான். இம்மூன்றும் ஒரே நேரத்தில் எப்படி உண்மையாக இருக்க முடியும் என்பதை விளக்கினால், இதே நிலையில் தீவிர சிகிச்சைப் பிரிவின் வாசலில் நிற்கும் மற்றவர்களுக்கும் பயன்படும் என்பதால் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

மூச்சுக்குழாய்க்குள் கருவியைச் செலுத்தி உள்ளே நேரடியாகப் பார்ப்பதுதான் பிராங்கோஸ்கோபி. 1897-ல் ஜெர்மனியின் ஃப்ரைபர்க் நகரில் குஸ்டாவ் கில்லியன் என்ற மருத்துவர், ஒரு விவசாயியின் வலது மூச்சுக்கிளையில் (மூச்சுக்குழாய் இரண்டாகப் பிரிந்து நுரையீரலுக்குள் போகும் வழியில்) சிக்கியிருந்த எலும்புத் துண்டை நேரான உலோகக் குழாய் வழியாக எடுத்தார். இந்தச் சிகிச்சையின் வரலாறு அங்கிருந்துதான் தொடங்குகிறது. எனவே பிறந்தபோதே இது ஓர் அவசர சிகிச்சைதான். வளையும் வகைக் கருவியை 1960-களின் பிற்பகுதியில் ஜப்பானைச் சேர்ந்த ஷிகெட்டோ இகேடா உருவாக்கினார். இன்று வென்டிலேட்டர் நோயாளிக்குப் படுக்கையிலேயே பயன்படுத்துவது இந்த வளையும் கருவியைத்தான். பெரியவர்களுக்கானது ஐந்து முதல் ஆறு மில்லிமீட்டர் தடிமன் இருக்கும். நுனியில் விளக்கும் கேமராவும் உண்டு. உள்ளே ஓடும் மெல்லிய துளை வழியாகச் சளியை உறிஞ்சலாம், மருந்து விடலாம், சிறு இடுக்கியையும் நுழைக்கலாம்.

கடித்தது பாம்பு, விஷம் தாக்கியது நரம்பை. அப்படியிருக்க நுரையீரல் ஏன் சுருங்க வேண்டும் என்பது பல குடும்பங்களுக்குப் புரிவதில்லை. கட்டுவிரியன் விஷம் நரம்பு நுனிகளையே சேதப்படுத்துவதால், விஷமுறிவு மருந்து போன பிறகும் தசைகள் வலுப்பெறப் பல நாட்கள் ஆகும். அந்த நாட்களில் நோயாளியால் இரும முடியாது. நலமாக இருப்பவர் தன்னையறியாமல் விழுங்கியும் இருமியும் வெளியேற்றிவிடும் சளி, இவருக்கு உள்ளேயே தங்கி, காய்ந்து, கெட்டியாகி ஒரு கிளையை அடைத்துவிடுகிறது. மதகில் வைக்கோல் அடைத்துக்கொண்டால் கடைமடைக்குத் தண்ணீர் எட்டாததுபோல, அடைப்புக்கு அப்பால் உள்ள பகுதிக்குக் காற்று போகாது. அங்கே முன்பே இருந்த காற்றை இரத்தம் உறிஞ்சிக்கொள்ள, அந்தப் பகுதி சுருங்கிவிடும். ஆனால் இரத்தம் மட்டும் அந்தப் பகுதி வழியாகத் தொடர்ந்து ஓடும். ஆக்ஸிஜனை ஏற்றிக்கொள்ளாமலே அது இதயத்துக்குத் திரும்புவதால்தான், வென்டிலேட்டரில் ஆக்ஸிஜன் அளவைக் கூட்டிக்கொண்டே போனாலும் விரலில் மாட்டிய கருவி காட்டும் எண் ஏறாமல் நிற்கிறது.

எனினும் இடது பக்கம் வெளுத்த எக்ஸ்ரேயைக் கண்டவுடன் சளி அடைப்பு என்று முடிவுகட்டிவிடக் கூடாது. முதலில் பார்க்க வேண்டியது வாய் வழியாகச் செலுத்தியிருக்கும் சுவாசக் குழாயின் நுனி எங்கே நிற்கிறது என்பதுதான். வலது மூச்சுக்கிளை இடதைவிட அகலமானது, குட்டையானது, நேராகக் கீழ்நோக்கி இறங்குவது. நோயாளியைப் புரட்டும்போதோ, ஒட்டியிருக்கும் பிளாஸ்திரி தளரும்போதோ குழாய் இரண்டு மூன்று சென்டிமீட்டர் கீழே இறங்கினால் அது வலது கிளைக்குள் போய் உட்கார்ந்துகொள்ளும். அப்போது இடது நுரையீரலுக்குக் காற்றே கிடைக்காமல் அது வெளுத்துப்போகும். வளர்ந்த ஆண்களுக்குப் பல் வரிசையில் ஏறத்தாழ 23 சென்டிமீட்டர் குறியும், பெண்களுக்கு 21 சென்டிமீட்டர் குறியும் தெரிய வேண்டும். எக்ஸ்ரேயில் குழாயின் நுனி, மூச்சுக்குழாய் இரண்டாகப் பிரியும் இடத்துக்கு மூன்று முதல் ஐந்து சென்டிமீட்டர் மேலே நிற்க வேண்டும். இறங்கியிருப்பது தெரிந்தால் குழாயை மெல்ல மேலே இழுத்து நிறுத்துவதே சிகிச்சை, வேறெதுவும் வேண்டியதில்லை.

அடுத்து, நுரையீரலைச் சுற்றி நீர் கோத்தாலும் எக்ஸ்ரே வெளுக்கும். சுருங்கிய நுரையீரல் மூச்சுக்குழாயையும் இதயத்தையும் தன் பக்கம் இழுக்கும். நிறைய நீர் சேர்ந்தால் அவற்றை எதிர்ப்பக்கம் தள்ளும். அப்பாவின் படத்தில் மூச்சுக்குழாய் இடது பக்கம் சாய்ந்திருந்தால் அது சுருக்கத்துக்கு வலுவான சான்று. சந்தேகம் இருந்தால் படுக்கையருகே அல்ட்ராசவுண்ட் வைத்துப் பார்த்துச் சில நிமிடங்களில் தீர்த்துக்கொள்ளலாம். இந்த இரண்டும் பார்த்தாயிற்றா என்று கேட்பதில் தவறில்லை. நல்ல மருத்துவர் அதை அவமதிப்பாகக் கொள்ள மாட்டார்.

இனி அத்தை மகன் சொன்னதற்கு வருகிறேன். 1979-ல் அமெரிக்காவில் மரினியும் உடன் பணியாற்றியவர்களும், நுரையீரல் மடல் (நுரையீரலின் ஒரு பகுதி) திடீரெனச் சுருங்கிய 31 நோயாளிகளில் ஒரு பிரிவினருக்கு உடனே பிராங்கோஸ்கோபியும் அதன் பின் பிசியோதெரபியும், மறு பிரிவினருக்குத் தீவிரமான பிசியோதெரபி மட்டும் கொடுத்து ஒப்பிட்டார்கள். நுரையீரல் விரிந்த வேகத்தில் இரு பிரிவினருக்கும் குறிப்பிடத்தக்க வேறுபாடு இல்லை. அதனால்தான் வழக்கமான சளி அடைப்புக்கு முதல் சிகிச்சை பிசியோதெரபி என்பது இன்றும் நிற்கிறது. முதல் நாளே ஏன் செய்யவில்லை என்பதற்கும் இதுவே விடை. அந்த ஆய்வில் இன்னொன்றும் தெரிந்தது. வெளுத்த பகுதிக்கு நடுவே காற்று நிரம்பிய கிளைகள் கறுப்புக் கோடுகளாக எக்ஸ்ரேயில் தெரிந்தவர்களுக்கு, எந்தச் சிகிச்சை கொடுத்தாலும் நுரையீரல் மெதுவாகத்தான் விரிந்தது. பெரிய கிளைகள் திறந்தே இருக்கின்றன, அடைப்பு கருவி எட்டாத நுண்கிளைகளில் இருக்கிறது என்பதே அதன் பொருள். அப்படிப்பட்ட படத்தை வைத்துக்கொண்டு கருவியை உள்ளே விடுவதால் கிடைக்கும் பயன் குறைவு.

ஆனால் பிசியோதெரபி என்று ஏட்டில் எழுதுவது வேறு, உண்மையில் கொடுப்பது வேறு. சுருங்கிய பக்கம் மேலே இருக்கும்படி ஒருக்களித்துப் படுக்கவைத்து, மார்பைத் தட்டி அதிர்வூட்டி, கையால் அழுத்திக் காற்றூட்டும் பையால் நுரையீரலை நன்றாக விரியச் செய்து, சளியை உறிஞ்சி, இதை நான்கு மணி நேரத்துக்கு ஒருமுறை இரவிலும் தொடர வேண்டும். காற்றை ஈரப்படுத்தும் ஏற்பாடும் சரியாக இருக்க வேண்டும். உலர்ந்த காற்று போனால் எவ்வளவு தட்டினாலும் சளி இளகாது. இவ்வாறு முழுமையாகக் கொடுத்து ஒரு நாளுக்குள் முன்னேற்றம் தெரியாவிட்டால் பிராங்கோஸ்கோபிக்குப் போவது முறை. முழு நுரையீரலும் சுருங்கி ஆக்ஸிஜன் இறங்கிக்கொண்டே இருந்தாலும், விலா எலும்பு முறிவோ முதுகெலும்புக் காயமோ இருந்து தட்டவும் புரட்டவும் முடியாவிட்டாலும் ஒரு நாள் காத்திருக்கத் தேவையில்லை. உங்கள் அப்பாவின் நிலையில் இரண்டு காரணங்கள் சேர்கின்றன: அடைத்திருப்பது ஒரு மடலை அல்ல, முழு இடது நுரையீரலை; பிசியோதெரபியால் சளி இளகினாலும் அதை மேலே தள்ள வேண்டிய இருமல் அவரிடம் இப்போது இல்லை. ஆகவே என் கருத்தில் அங்குள்ள மருத்துவர்களின் முடிவு சரியானது. அந்த ஆய்வின் முடிவை, தசைகள் செயலிழந்திருக்கும் ஒருவருக்கு அப்படியே பொருத்திப் பார்ப்பதில் நான் தயங்குவேன்.

சித்தப்பாவின் அச்சம் வெறும் பயமல்ல, கணக்கில் வரக்கூடியது. எட்டு மில்லிமீட்டர் உள்விட்டமுள்ள சுவாசக் குழாய்க்குள் 5.7 மில்லிமீட்டர் கருவியை நுழைத்தால், காற்று போகும் வழியில் பாதி அடைபடுகிறது. குழாய் ஏழு மில்லிமீட்டர் என்றால் மூன்றில் இரண்டு பங்கு அடைபடுகிறது. உள்ளே போகும் காற்றை வென்டிலேட்டர் அழுத்தம் கொடுத்துத் தள்ளிவிடும். வெளியே வர வேண்டிய காற்றோ முழுதாக வராமல் உள்ளேயே சேரும். அது கூடினால் இரத்த அழுத்தம் இறங்கலாம், அரிதாக நுரையீரல் கிழிந்து காற்று வெளியேறலாம். அதோடு, சளியை உறிஞ்சும்போது வென்டிலேட்டர் கொடுக்கும் காற்றின் ஒரு பகுதியையும் கருவி உறிஞ்சிவிடுகிறது. இந்த இரண்டும் சேர்ந்தால் ஆக்ஸிஜன் மளமளவென்று இறங்கும். அதனால்தான் கருவியின் தடிமனைவிடக் குழாயின் உள்விட்டம் குறைந்தது இரண்டு மில்லிமீட்டராவது கூடுதலாக இருக்க வேண்டும் என்பது பொதுவிதி. குழாய் சிறியதாக இருந்தால் மெலிந்த கருவியைத் தேர்ந்தெடுப்பார்கள், அல்லது முதலில் குழாயை மாற்றுவார்கள்.

இந்த ஆபத்தைக் கட்டுக்குள் வைத்திருப்பது கருவியைப் பிடித்திருப்பவரின் கைத்திறனைவிட, பக்கத்தில் நின்று வென்டிலேட்டரைக் கவனிப்பவரின் விழிப்பு என்பது என் உறுதியான எண்ணம். படுக்கையருகே நடப்பதைச் சொல்கிறேன். மூக்குக் குழாய் வழியாகக் கொடுக்கும் உணவைச் சில மணி நேரம் முன்பே நிறுத்தி, வயிற்றில் இருப்பதை உறிஞ்சிவிடுவார்கள். வென்டிலேட்டரில் ஆக்ஸிஜனை நூறு சதவீதமாக்கிப் பத்து நிமிடங்களாவது விடுவார்கள். நோயாளி நன்றாக உறங்கும்படி மருந்து கொடுப்பார்கள். கருவியைக் கடித்துவிடாதபடி பற்களுக்கிடையே ஒரு கட்டை வைப்பார்கள். சுவாசக் குழாயும் வென்டிலேட்டர் குழாயும் சேரும் இடத்தில், ரப்பர் மூடியுள்ள ஓர் இணைப்பைப் பொருத்துவார்கள். அந்த மூடியின் துளை வழியாகக் கருவி உள்ளே போகும்போதும் வென்டிலேட்டர் மூச்சு நிற்பதில்லை. ஒவ்வொரு மூச்சிலும் குறிப்பிட்ட அளவு காற்று போய்ச் சேரும்படி அமைப்பை மாற்றி, அழுத்த எச்சரிக்கையின் எல்லையை உயர்த்தி, உள்ளே போகும் காற்றையும் திரும்பி வரும் காற்றையும் ஒருவர் தொடர்ந்து ஒப்பிட்டுக்கொண்டிருப்பார்.

கருவி இறங்கியதும் திரையில் முதலில் தெரிவது மூச்சுக்குழாயின் வெண்ணிற வளையங்கள். அவற்றின் முடிவில் குழாயை இரண்டாகப் பிரிக்கும் கூர்மையான வரப்பு. சுருங்கிய பக்கத்தில் இருக்க வேண்டிய கறுப்புத் துளைக்குப் பதிலாக மஞ்சளும் பச்சையும் கலந்த, பசை பிடித்த கட்டியொன்று துளையை அடைத்திருக்கும். அதன்மேல் ஐந்து அல்லது பத்து மில்லி உப்புநீரை விட்டு, சற்று இளகவைத்து, சில நொடிகள் மட்டும் உறிஞ்சி, ஆக்ஸிஜன் இறங்கினால் கருவியை வெளியே எடுத்துவிட்டு, எண் ஏறிய பிறகு மீண்டும் நுழைவார்கள். ஒரே மூச்சில் எல்லாவற்றையும் எடுத்துவிட நினைப்பவரைவிட, நான்கு முறை நிறுத்தி நிதானித்துச் செய்பவரே நோயாளிக்குப் பாதுகாப்பானவர். சில வேளைகளில் கட்டி துளைக்குள் நுழையாத அளவுக்குக் கெட்டியாக இருக்கும். அப்போது நுனியில் அதை உறிஞ்சிப் பிடித்தபடியே கருவியோடு சேர்த்து வெளியே இழுப்பார்கள். கிளைகளின் அச்சாகவே அது வெளியே வருவதுண்டு. அடைப்பு நீங்கி நுரையீரல் விரியத் தொடங்கினால் ஆக்ஸிஜன் எண் அங்கேயே ஏறத் தொடங்கலாம். ஆனால் கழுவியெடுத்த பின் சில மணி நேரம் ஆக்ஸிஜன் முன்பைவிடச் சற்றுத் தாழ்ந்து நிற்பதும் இயல்புதான்.

எல்லாருக்கும் எந்நேரமும் செய்யலாம் என்றும் நினைக்க வேண்டாம். நூறு சதவீத ஆக்ஸிஜன் கொடுத்தும் எண் தொண்ணூறுக்கு மேல் நிற்காதவர், அண்மையில் மாரடைப்பு வந்தவர், இதயத் துடிப்பு தாறுமாறாக இருப்பவர், மூளைக்குள் அழுத்தம் கூடியிருப்பவர் ஆகியோரிடம் பயனையும் ஆபத்தையும் மிகக் கவனமாக எடைபோட வேண்டும். இரத்தக் கசிவைப் பொறுத்தவரை, பார்ப்பதற்கும் கழுவுவதற்கும், இரத்தம் உறைய உதவும் தட்டணுக்கள் ஒரு மைக்ரோலிட்டருக்கு இருபது முப்பதாயிரம் இருந்தாலே பெரும்பாலும் போதும். சோதனைக்காகச் சிறு துண்டுச் சதை எடுப்பதற்கு ஐம்பதாயிரமாவது வேண்டும். நம் வயல்களில் கண்ணாடி விரியனும் உண்டு. அதன் விஷம் இரத்தத்தை உறையவிடாது. கடித்த பாம்பு எதுவென்று உறுதியாகத் தெரியாதபோது, 20 நிமிட இரத்த உறைதல் சோதனை சரியாகும் வரை மூக்கு வழியாக எந்தக் கருவியையும் செலுத்தாமல் இருப்பது நல்லது. வாயில் ஏற்கெனவே இருக்கும் சுவாசக் குழாய் வழியாகப் போவதில் அந்தச் சிக்கல் குறைவு.

உறிஞ்சிய சளியை வீணாக்குவதில்லை. வென்டிலேட்டரில் நாள் கூடும்போது நிமோனியா வரும் என்பதால், எந்தக் கிருமி, எந்த மருந்துக்கு அடங்கும் என்று கண்டறிய அதை ஆய்வகத்துக்கு அனுப்புவார்கள். இதற்கெனவே நூறு மில்லிக்கு மேல் உப்புநீர் விட்டுக் கழுவியெடுக்கும் முறையும் உண்டு. ஆனால் 2006-ல் கனடா தீவிர சிகிச்சை ஆய்வுக் குழு 740 வென்டிலேட்டர் நோயாளிகளிடம் செய்த ஆய்வில், சாதாரணமாகக் குழாய் வழியே உறிஞ்சிய சளியை வைத்துச் சிகிச்சை அளித்தவர்களுக்கும், பிராங்கோஸ்கோபியால் கழுவியெடுத்துச் சிகிச்சை அளித்தவர்களுக்கும் இறப்பு விகிதத்தில் வேறுபாடு காணப்படவில்லை. ஆகவே நிமோனியா சந்தேகம் என்ற ஒன்றுக்காக மட்டும் எல்லாருக்கும் கருவியைச் செலுத்துவதை நான் ஆதரிப்பதில்லை. நோயெதிர்ப்பு குன்றியவர், கொடுக்கும் மருந்துக்கு இறங்கி வராத நிமோனியா, காசநோய் அல்லது பூஞ்சைத் தொற்றுச் சந்தேகம் ஆகிய நிலைகளில் அது தரும் தகவலுக்கு மாற்று இல்லை. நெல் வயல்களின் ஈரமண்ணில் வாழும் கிருமியால் வரும் மெலியாய்டோசிஸ் என்ற நோயையும் இங்கே சொல்ல வேண்டும். சர்க்கரை நோயுள்ள விவசாயிக்கு மழைக்காலத்தில் வரும் கடுமையான நிமோனியாவில் அதை நினைத்துப் பார்க்காவிட்டால், கொடுக்கும் மருந்து பொருந்தாமல் போகும். காசநோய் என்று தவறாகக் கொள்ளவும் இடமுண்டு.

கேள்வியில் இல்லாவிட்டாலும், நம் பகுதியில் இந்தக் கருவி உயிர் காக்கும் வேறு சில அவசரங்களையும் சொல்லியாக வேண்டும். அவற்றில் முதலாவது குழந்தை மூச்சுக்குழாயில் பொருள் சிக்குவது. வேர்க்கடலை, புளியங்கொட்டை, உளுந்து, பொட்டுக்கடலை எல்லாம் கைக்கெட்டும் இடத்தில் கிடக்கும் வீடுகள் நம்முடையவை. ஒன்று முதல் மூன்று வயதுவரை உள்ள குழந்தைகளுக்குக் கடைவாய்ப் பல் முழுதாக முளைத்திருக்காது. வாயில் போட்டுக்கொண்டு ஓடும், சிரிக்கும், அழும். திடீரென்று புரையேறி முகம் சிவந்து இருமி, பிறகு தானே அடங்கிவிடும். அந்த அடக்கம்தான் ஏமாற்றுகிறது. பொருள் ஒரு கிளைக்குள் இறங்கி உட்கார்ந்துவிட்டது என்பது தெரியாமல், அடுத்த பல வாரங்கள் வீசிங் என்று சொல்லி நெபுலைசர் வைத்துக்கொண்டிருப்பார்கள். ஒரு பக்கம் மட்டும் மூச்சொலி குறைந்திருப்பது, ஒரே பக்கத்தில் திரும்பத் திரும்ப நிமோனியா வருவது, அன்று கடலை தின்றபோது புரையேறியது என்று தாயோ பாட்டியோ சொல்வது ஆகியவற்றில் கடைசியாகச் சொன்னதே மிக வலுவான தடயம். கடலை எக்ஸ்ரேயில் தெரியாது. எக்ஸ்ரே இயல்பாக இருப்பதால் பொருள் இல்லை என்றாகிவிடாது. வேர்க்கடலையின் எண்ணெய் மூச்சுக்குழாய்ச் சவ்வைப் புண்ணாக்கி வீங்கவைக்கும் என்பதால் நாள் கடத்தக் கூடாது. குழந்தைகளுக்கு இதை முழு மயக்கத்தில், கில்லியன் காலத்து வழியில் வந்த நேரான உலோகக் கருவியால் எடுப்பதே பெரும்பாலும் பாதுகாப்பானது. அந்தக் குழாய் வழியாகவே மூச்சும் கொடுக்கலாம், பெரிய இடுக்கியும் போகும்.

குழந்தை இருமிக்கொண்டும் அழுதுகொண்டும் இருந்தால் காற்று போகிறது என்று பொருள்; இருமவிட வேண்டும், உட்காரவைத்தபடியே கொண்டுவர வேண்டும். வாய்க்குள் விரலை விட்டுத் துழாவினால் பொருள் இன்னும் கீழே போகும். சத்தமே வராமல் நீலம் பாய்ந்தால் மட்டும், ஒரு வயதுக்குட்பட்ட குழந்தையை முன்கையில் தலைகீழாகச் சாய்த்து முதுகில் ஐந்து தட்டும், பிறகு திருப்பி நடு மார்பில் ஐந்து அழுத்தமும் கொடுக்க வேண்டும். அதைவிடப் பெரியவர்களுக்கு முதுகில் ஐந்து தட்டு, பின்னாலிருந்து கட்டிப்பிடித்து மேல்வயிற்றில் ஐந்து அழுத்தம் என்று மாற்றி மாற்றிக் கொடுக்க வேண்டும். சிறிய மருத்துவமனையில் இருப்பவர்களுக்கு ஒன்று: அடைப்பு முழுமையாகி வேறு வழியே இல்லாதபோது, சுவாசக் குழாயைச் செலுத்தி அந்தப் பொருளையே ஒரு பக்கக் கிளைக்குள் தள்ளிவிட்டு, குழாயைப் பின்னுக்கு இழுத்து மற்ற நுரையீரலுக்கு மூச்சுக் கொடுத்தபடி அனுப்பிவைக்கலாம். வேதாரண்யத்திலிருந்து தஞ்சாவூர் ஏறத்தாழ நூறு கிலோமீட்டர். அந்தத் தூரத்தை ஒரு நுரையீரலோடு கடந்துவிட முடியும்.

முதியவர்களிடம் இதே கதை கொட்டைப்பாக்காகவும், கழன்ற பல்செட்டாகவும் வருகிறது. பக்கவாதம் வந்து விழுங்கும் திறன் குன்றிய பிறகும் வெற்றிலைப் பழக்கத்தை விடாதவர்களுக்கு நீங்காத இருமலும் ஒரு பக்க நிமோனியாவும் வந்தால், பாக்குத் துண்டை நினைக்க வேண்டும். அவர்களுக்கு வளையும் கருவியாலேயே பெரும்பாலும் எடுத்துவிடலாம்.

இருமும்போது இரத்தம் வருவது இன்னொன்று. பழைய காசநோய்த் தழும்பு, விரிந்து கெட்ட மூச்சுக்கிளைகள், தழும்புக் குழிக்குள் வளர்ந்த பூஞ்சைக் கட்டி ஆகியவை நம் பகுதியில் இதற்கு அடிக்கடி காணும் காரணங்கள். இதில் உயிர் போவது பெரும்பாலும் இரத்த இழப்பால் அல்ல, மூச்சு அடைத்துத்தான். மூச்சு போய்வரும் குழாய்களின் மொத்தக் கொள்ளளவே ஏறத்தாழ 150 மில்லிதான் என்றால், ஒரு தம்ளர் இரத்தம் என்ன செய்யும் என்பது விளங்கும். எந்தப் பக்கம் கசிகிறதோ அந்தப் பக்கம் கீழே இருக்கும்படி படுக்கவைக்க வேண்டும். சளி அடைப்பில் சுருங்கிய பக்கத்தை மேலே வைக்கச் சொன்னதற்கு இது நேர்மாறு என்பதைக் கவனிக்கவும். இங்கே நல்ல நுரையீரலுக்குள் இரத்தம் இறங்காமல் காப்பதுதான் நோக்கம். பிராங்கோஸ்கோபியால் கசியும் பக்கத்தைக் கண்டறிந்து, குளிர்ந்த உப்புநீரும் நீர்த்த அட்ரினலினும் விட்டு, தேவையானால் சிறு பலூனால் அந்தக் கிளையை அடைத்து நேரம் சம்பாதிக்கலாம். இரத்தக்குழாய் வழியாகச் சென்று கசியும் தமனியை அடைக்கும் சிகிச்சைக்கு அனுப்ப அந்த நேரம்தான் வேண்டும்.

குட்கா, புகையிலைப் பழக்கத்தால் வாய் திறக்க முடியாமல் இறுகிப்போனவருக்கும், கழுத்தில் சீழ்கட்டி நாக்கு மேலே தள்ளப்பட்டவருக்கும், வழக்கமான முறையில் சுவாசக் குழாய் செலுத்த முடியாது. மூக்கை மரத்துப்போகச் செய்து, விழிப்பு நிலையிலேயே வளையும் கருவியை வழிகாட்டியாக வைத்துக் குழாயை இறக்குவார்கள். கூரை வீட்டுத் தீயில் புகையைச் சுவாசித்தவரின் மூச்சுக்குழாயில் கரியும் வீக்கமும் எவ்வளவு என்று பார்ப்பதற்கும் இது உதவும். ஆற்றிலும் குளத்திலும் மூழ்கியவர்களுக்கு வழக்கமாகத் தேவையில்லை; சேறோ பாசியோ கிளைகளை அடைத்திருந்தால் மட்டும் தேவைப்படும்.

இனி கையெழுத்துப் போடும் முன் நீங்கள் கேட்க வேண்டியவை. குழாயின் நுனி சரியான இடத்தில் இருக்கிறதா, குழாயின் அளவுக்கு ஏற்ற கருவிதானா, வென்டிலேட்டரைப் பார்த்துக்கொள்ளத் தனியாக ஒருவர் இருப்பாரா, ஆக்ஸிஜன் இறங்கினால் எந்த எண்ணில் நிறுத்துவீர்கள், இன்று சளி எடுப்பது மட்டுமா, சதையும் எடுக்கப்போகிறீர்களா என்று கேளுங்கள். கருவியை ஒவ்வொரு நோயாளிக்குப் பிறகும் துளைக்குள் தூரிகை விட்டுக் கழுவி, கிருமிநாசினியில் குறித்த நேரம் ஊறவைத்து, உலர்த்தி வைக்கிறார்களா என்பதும் கேட்கத்தக்கதே. ஒருவரின் கிருமி கருவி வழியாக இன்னொருவருக்குப் போன நிகழ்வுகள் மருத்துவ உலகில் பதிவாகியிருக்கின்றன. ஒருமுறை மட்டும் பயன்படுத்தி எறியும் கருவிகளும் இப்போது வந்துவிட்டன. விலை கூடுதல் என்பதால் எல்லா இடத்திலும் இருக்காது.

செய்து முடித்த பின் மறுபடியும் ஓர் எக்ஸ்ரே எடுப்பார்கள். கழுவியெடுத்தவர்களுக்கு ஒரு நாளுக்குள் காய்ச்சல் வந்து தானே தணிவது உண்டு. அதைக் கண்டு பதற வேண்டாம். ஆனால் இரத்த அழுத்தம் இறங்கினாலோ, ஆக்ஸிஜன் திடீரெனக் குறைந்தாலோ உடனே சொல்ல வேண்டும். பிசியோதெரபியை அதன் பிறகும் நிறுத்தக் கூடாது, ஏனெனில் இருமல் திரும்பாதவரை சளி மீண்டும் அடைக்கும். அதனால் இரண்டாவது முறையும் செய்ய வேண்டியிருக்கலாம். முதல் முறை சரியாகச் செய்யவில்லை என்று அதற்குப் பொருள் அல்ல. தசைகள் மீள்வதை நீங்களே பார்க்க முடியும். இமைகள் முழுதாகத் திறக்கும், கையை இறுக்கிப் பிடிப்பார், தலையைத் தலையணையிலிருந்து தூக்கி ஐந்து நொடியாவது நிறுத்துவார். சளியை உறிஞ்சும்போது வலுவாக இருமத் தொடங்கினார் என்று செவிலியர் சொன்னால், அன்றைக்கே வென்டிலேட்டரைக் குறைப்பது பற்றி மருத்துவரிடம் கேளுங்கள்.